தீரு பட்டணத்தை வரைபடத்தில் படிப்பது எப்படி?

ஞாயிறு பள்ளியில் 'தீரு, சீதோன்' என்று வேதாகம ஊர்கள் இரண்டையும் சேர்த்தே கேட்டு வளர்ந்தவள் நான். அந்தத் தீரு இன்றும் லெபனானில் மக்கள் வாழும் ஊர் என்பது வெகுகாலம் எனக்குத் தெரியாது. அரபியில் அதன் பெயர் சூர். அதன் வரலாற்றை கூகுள் எர்த்திலேயே படிக்கலாம். அண்ணன் மகளுக்கு நான் காட்டிய முறை இது.

பெய்ரூத்திலிருந்து கரையோரமாகத் தெற்கே சுமார் 80 கிலோமீட்டர் வாருங்கள். கடலுக்குள் ஒரு நிலம் துருத்திக்கொண்டு நிற்கும். அதைக் கரையோடு இணைக்கும் கழுத்துப் பகுதியைத் துண்டுக் காகிதத்தால் மறையுங்கள். இப்போது தெரிவது ஒரு தீவு. பழங்காலக் கடல் வணிகர்களான பினீசியர்களின் தீரு அதுதான். வட ஆப்பிரிக்காவின் பழைய நகரமான கார்த்தேஜை நிறுவியவர்கள் இங்கிருந்து கப்பலேறிப் போனவர்கள்தான்.

சரி, காகிதத்தை எடுங்கள். "அப்போ தீவு எங்கே போச்சு அத்தை?" என்றாள் அவள். கி.மு. 332-இல் அலெக்சாண்டர் இந்த ஊரை ஏழு மாதம் முற்றுகையிட்டார். நடுவே முக்கால் கிலோமீட்டர் கடல். கரையிலிருந்த பழைய ஊரை இடித்த கல்லையும், லெபனான் மலை மரங்களையும் கொட்டிக் கடலுக்குள் பாதை போட்டார். அகலம் சுமார் 60 மீட்டர் என்கின்றன பழைய குறிப்புகள். இப்போது அளவுகோல் கருவியை எடுத்துக் கழுத்தின் அகலத்தை அளந்து பாருங்கள், பல மடங்கு வரும். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு மேலாக அலைகள் கொண்டுவந்து சேர்த்த மணல் அது! அதன்மேல்தான் இன்று தெருக்களும் வீடுகளும். எனக்கு இந்த ஊரில் மிகவும் பிடித்த இடம் இந்த மணல்தான். போர் முடிந்த பிறகும் கடல் வேலையை நிறுத்தவில்லை.

கழுத்தின் கிழக்கு முனையில் அல்-பஸ் இடிபாடுகள். நீண்ட ஊசி போலத் தெரிவது ரோமானியத் தேரோட்ட மைதானம். நீளத்தை அளந்தால் 480 மீட்டரை ஒட்டி வரும்.

அப்புறம் தீவின் வடக்கு ஓரத்துக்கு வாருங்கள். சீதோனை நோக்கிய பழைய துறைமுகம் இது. எகிப்தை நோக்கிய தெற்குத் துறைமுகம் பயன்பாட்டிலிருந்து மறைந்துவிட்டது. வேதாகமத்தில் நாம் வாசிக்கும் இரத்தாம்பரம் என்ற ஊதா நிறத் துணிக்குப் பேர்போன ஊர் தீரு. அதன் சாயம் முள்சங்கு என்னும் கடல் நத்தையிலிருந்து எடுத்தது. 1909-இல் ஒரு வேதியியலாளர் 12,000 நத்தைகளிலிருந்து எடுத்தது வெறும் 1.4 கிராம். வடக்குத் துறைமுகத்தைப் பெரிதாக்கிப் பாருங்கள், மீன்பிடிப் படகுகளை எண்ணலாம். அவள் எண்ணத் தொடங்கினாள், நான் தேநீர் போடப் போனேன்.