தீபாவளிப் பலகார விற்பனை: செட்டிநாட்டுப் பக்கம் திரும்பத் திரும்ப நடக்கும் தவறுகள்

ஐப்பசி பிறந்துவிட்டால் காரைக்குடி, தேவகோட்டை, பள்ளத்தூர், கானாடுகாத்தான் எந்தத் தெருவில் நடந்தாலும் எண்ணெய்ச் சட்டி வாசனை வரும். தனித்தனியாகச் சுட்டுக்கொண்டிருந்த வீடுகள் பல இடங்களில் இப்போது ஒன்றுசேர்கின்றன. கோயில் திருப்பணிக்காக, பள்ளிக்கூடத்துக்காக, அல்லது தெருப் பெண்களுக்கே நாலு காசு வரட்டும் என்று பலகாரம் செய்து விற்கிறார்கள். காசில்லாமல் வீட்டுக்கு வீடு மாற்றிக்கொள்வதும் நடக்கிறது. நல்ல காரியம், எல்லா ஊரிலும் நடக்க வேண்டும்.

இந்த ஏற்பாடுகளில் ருசியில் குறை வருவது அபூர்வம். குறை வேறு இடத்தில் வருகிறது. பக்கத்து வீட்டுக்குத் தட்டில் வைத்துக் கொடுத்தனுப்பும் வழக்கத்தை அப்படியே விற்பனைக்கும் கொண்டுவந்துவிடுகிறோம். கொடுத்தனுப்பும்போது எடை வேண்டாம், விலை வேண்டாம், என்றைக்குச் செய்தது என்று சொல்ல வேண்டாம். நாலு முறுக்கு குறைந்தால் யாரும் கேட்கப் போவதில்லை. காசு கைமாறும் இடத்தில் இத்தனையும் வேண்டும். கீழே சொல்லியிருக்கும் தவறுகளில் பெரும்பாலானவை இந்த ஒரு குழப்பத்தில் இருந்து கிளைத்தவைதான்.

எல்லோரும் தேன்குழல் போடுவது

"ஆச்சி, நீங்க என்ன போடுறீக?"

"தேன்குழல்தான் ஆத்தா. அதுதானே சுளுவு."

இதே பேச்சு பத்து வீட்டில் நடந்தால் மேசை முழுக்கத் தேன்குழல்தான் இருக்கும். விற்பனையில் அது தேங்கும், பரிமாற்றத்தில் தன் வீட்டுப் பலகாரத்தையே வேறு டப்பாவில் வாங்கிக்கொண்டு போக நேரிடும். அதனால் மூன்று வாரம் முன்பே ஒரு தாளில் பெயர் எழுதிவிட வேண்டும். ஒரு பலகாரத்துக்கு இரண்டு வீடு, அதற்கு மேல் கூடாது. வாட்ஸ்அப் குழுவில் "நானும்", "நானும்" என்று போட்டுக்கொண்டே போனால் இது சரிப்படாது. ஒருவர் பொறுப்பெடுத்து வீடு வீடாகக் கேட்டு எழுதுவதுதான் நிற்கிறது.

யாருக்கு எது கைவருமோ அதைக் கொடுங்கள். பாகு பதம் தெரிந்த கைக்கு அதிரசமும், பொரித்த மாவுத் துண்டுகளை வெல்லப் பாகில் பிரட்டும் மணகோலமும். பொறுமையாக உட்கார்ந்து உருட்டுபவர்களுக்கு மாவுருண்டையும் சீப்புச் சீடையும். புதிதாகச் சேர்ந்த இளம்பெண்கள் முறுக்குப் பிழியட்டும், அல்லது எடை போட்டுக் கட்டும் வேலையைப் பார்க்கட்டும்.

அப்புறம், சூடாகத் தின்ன வேண்டியதையும் டப்பாவில் அடைத்து விற்க வேண்டியதையும் கலந்துவிடக் கூடாது. வெள்ளைப் பணியாரம், கந்தரப்பம், சீயம் எல்லாம் அன்றைக்கே தின்று தீர்க்க வேண்டியவை. இவற்றைக் காலையில் சுட்டு மாலைவரை அடுக்கி வைத்தால் நம் ஊர்ப் பேரைத்தான் கெடுக்கும். விற்பனை இடத்திலேயே ஒரு அடுப்பு போட்டு, கேட்கக் கேட்கச் சுட்டுக் கொடுங்கள். கூட்டமும் அந்த அடுப்பைச் சுற்றித்தான் நிற்கும்.

மழையைக் கணக்கில் எடுக்காதது

தீபாவளி வருவது வடகிழக்குப் பருவமழையின் வாசலில். காற்றில் ஈரம் ஏறியிருக்கும் நாட்களில் முறுக்கு வகை எல்லாம் சீக்கிரம் நமுத்துப்போகும். இதில் மூன்று தவறுகள் சேர்ந்து நடக்கின்றன.

முதலாவது, சூடு ஆறுவதற்குள் டப்பாவில் அடைப்பது. வெளியே தொட்டால் ஆறியது போலத் தெரியும், உள்ளே சூடு இருக்கும். அந்த ஆவி மூடியின் அடியில் முத்து முத்தாக நீராகி மறுபடி முறுக்கின் மேலேயே விழும். மூடியைத் திறந்து உட்பக்கம் விரலால் தடவிப் பாருங்கள், பிசுபிசுப்பு இருந்தால் அந்த டப்பா நாளைக்கு நிற்காது. அகலமான தாம்பாளத்தில் பரப்பி நன்றாக ஆறவிட்டு, மின்விசிறிக்கு நேர் கீழே வைக்காமல், உடனே காற்றுப் புகாத டின்னில் போட வேண்டும். ஆறவிடுகிறேன் என்று ராத்திரி முழுக்கத் திறந்து வைப்பதும் தவறுதான். அந்த ஈரக்காற்றையே அது குடித்துவிடும்.

இரண்டாவது, அதிரசத்தையும் முறுக்கையும் ஒரே டப்பாவில் வைப்பது. 'கலவைப் பெட்டி' என்று அழகாக அடுக்குகிறார்கள். அதிரசத்தில் ஈரப்பதம் உண்டு, முறுக்கில் கிடையாது. மூடிய பெட்டிக்குள் ஈரம் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போய்விடும். இரண்டு நாளில் முறுக்கு தொய்ந்துபோய், அதிரசத்தின் ஓரம் வறண்டு நிற்கும். கலவைப் பெட்டி வேண்டுமானால் உள்ளே ஒவ்வொன்றையும் தனியாகக் கட்டி வைக்க வேண்டும்.

மூன்றாவது, எல்லாவற்றையும் ஒரே நாளில் சுடுவது. அதிரச மாவு பாகில் ஊற வேண்டும். மாவை இரண்டு மூன்று நாள் முன்பே கிளறி வைத்துவிட்டால் சுடும் வேலை கடைசியில் சுளுவாகும். மாவுருண்டையும் மணகோலமும் அடுத்து. பிழிந்து பொரிக்கும் காரவகை எல்லாம் விற்பனைக்கு முந்தின நாள்தான். தேங்காய்ப்பால் சேரும் சீப்புச் சீடையில் இன்னும் கவனம் வேண்டும். எண்ணெயில் சலசலப்பு முழுக்க அடங்கிய பிறகே எடுக்க வேண்டும். சலசலப்பு இருக்கும்போதே எடுத்தால் உள்ளே ஈரம் நின்று, சில நாளிலேயே சிக்கு வாடை அடிக்கும். மணகோலத்தில் போடும் தேங்காய்ப் பல்லும் அப்படித்தான். நெய்யில் பொன்னிறமாக, ஈரம் போக வறுத்துப் போடாவிட்டால் பாகு எவ்வளவு நன்றாக இருந்தாலும் முதலில் பூசணம் பிடிப்பது தேங்காய்தான்.

பல வீட்டு மாவை ஒரே அண்டாவில் கொட்டுவது

சேர்ந்து செய்கிறோம் என்ற ஆசையில் நடக்கும் தவறு இது. ஆளுக்கு இரண்டு கிலோ அதிரச மாவு கிளறிக் கொண்டுவரச் சொல்லி, அத்தனையையும் ஒன்றாகக் கலந்துவிடுகிறார்கள். அதிரசத்தின் ஆயுளே பாகில் இருக்கிறது. கிண்ணத்துத் தண்ணீரில் இரண்டு சொட்டு விட்டு, விரலால் கூட்டினால் கரையாமல் திரண்டு, மெத்தென்ற உருண்டையாக வர வேண்டும். அதற்கு முன்னால் இறக்கினால் எண்ணெயில் போட்டதும் பிரிந்து சட்டி முழுக்கக் கரையும். தாண்டிவிட்டால் கல்லாகும். வெல்லத்துக்கு வெல்லம், அரிசி மாவின் ஈரத்துக்கு ஈரம் இது மாறும், கைக்குக் கையும் மாறும். ஒரு வீட்டு மாவு பதம் தப்பியிருந்தால் கலந்த அத்தனையும் போச்சு.

ஒவ்வொரு வீட்டு மாவையும் தனித்தனியே வைத்து, ஒவ்வொன்றிலும் ஒரே ஒரு அதிரசம் தட்டிப் போட்டுப் பாருங்கள். பிரிகிற மாவைத் தனியே எடுத்துச் சரிசெய்யப் பொழுது இருக்கும். மாவு கொண்டுவந்த வீட்டுக்காரர் மனம் நோகுமே என்று பார்க்காமல் இதைச் செய்ய வேண்டும். ஆரம்பத்திலேயே "எல்லா மாவிலும் ஒன்று சுட்டுப் பார்ப்போம்" என்று பொதுவாகச் சொல்லி வைத்துவிட்டால் யாருக்கும் வருத்தம் வராது.

உப்புச் சீடையைக் கூட்டமாகச் செய்யும் இடத்தில் குழந்தைகளை அண்டவிடாதீர்கள். மாவில் கட்டியோ, சலிக்காத குருணையோ இருந்து உள்ளே ஈரம் அடைபட்டால் சீடை வெடிக்கும், கொதிக்கும் எண்ணெயோடு தெறிக்கும். இரண்டு முறை சலிப்பதும், உருட்டியதைத் துணியில் பரப்பி உலரவிடுவதும், இறுக்கி உருட்டாமல் இருப்பதும் வீட்டில் எல்லோருக்கும் தெரிந்ததுதான். பத்துக் கிலோ அவசரத்தில் அதுதான் முதலில் விட்டுப்போகிறது.

உழைப்புக்கு விலை போடாதது

எனக்கு மிகவும் வருத்தமான விஷயம் இது. அரிசி, பருப்பு, வெல்லம், நெய் என்று கூட்டி அதற்கு மேல் கொஞ்சம் வைத்து விலை சொல்லிவிடுகிறோம். மெஷினில் மாவரைத்த கூலி, கேஸ், சட்டியில் கடைசியாக மிஞ்சி இனி உதவாத எண்ணெய், உடைந்துபோன முறுக்கு, டப்பா எல்லாம் விட்டுப்போகும். பலகாரம் எவ்வளவு எண்ணெய் குடித்தது என்று தெரிய, சட்டியில் ஊற்றும் முன்னும் வேலை முடிந்து எண்ணெய் ஆறிய பின்னும் எடை பாருங்கள். குடித்ததும் வீணானதும் இரண்டுமே செலவுதான்.

அதற்கு மேல் உழைப்பு. இரண்டு பேர் நான்கு மணி நேரம் உட்கார்ந்து 4 கிலோ மணகோலம் எடுத்தார்கள் என்று வைத்துக்கொள்வோம். கிலோவுக்கு 2 மணி நேர உழைப்பு. உங்கள் ஊரில் ஒரு மணி நேர வேலைக்கு என்ன கூலியோ, அதை இரண்டால் பெருக்கி விலையில் சேருங்கள். 'நம்ம தெரு ஆட்கள்தானே, சேவைதானே' என்று சொல்லி அந்தத் தொகையை அழித்துவிடாதீர்கள். சேவையாகச் செய்ய விரும்புபவர் கூலியை வாங்கித் தன் கையால் உண்டியலில் போடட்டும். அடுப்படியில் வேலை செய்தவருக்கு அந்தக் காசு தேவையாக இருக்கலாம், கேட்கக் கூச்சமாகவும் இருக்கலாம்.

பரிமாற்றத்திலும் இதே கணக்குதான். ஒரு கிலோ தேன்குழலுக்கு ஒரு கிலோ மணகோலம் என்பது நியாயமில்லை. ஏறக்குறைய ஒரே செலவு வருகிற அளவை ஒரு 'பங்கு' என்று வைத்துக்கொள்ளுங்கள். அதிரசத்தில் எத்தனை, மாவுருண்டையில் எத்தனை, முறுக்கில் எத்தனை கிராம் என்று முதல் கூட்டத்திலேயே பேசி முடிவு செய்யுங்கள். 12 வீடு சேர்ந்தால் ஒவ்வொருவரும் 12 பங்கு கட்ட வேண்டும்: மற்றவர்களுக்குப் 11, தனக்கு 1. அதற்கு மேல் வீடுகள் சேர்ந்தால் இரண்டு குழுவாகப் பிரித்துவிடுங்கள், ஒரு வீட்டு அடுப்புக்கு அவ்வளவுதான் தாங்கும்.

விதிகள், கட்டுதல், இடம்

விற்பது என்று ஆகிவிட்டால் உணவுப் பாதுகாப்புத் துறையில் பதிவு வேண்டும். வீட்டில் செய்து விற்பவர்களும் தற்காலிகக் கடை போடுபவர்களும் இதில் அடக்கம். சிறிய அளவில் செய்பவர்களுக்கு எளிய பதிவுதான், உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் ஃபாஸ்காஸ் (FoSCoS) இணையதளத்தில் விண்ணப்பிக்கலாம். கடைசி வாரத்தில் ஓடாமல் முன்கூட்டியே செய்துவிடுங்கள். வீட்டு உபயோகத்துக்கான 14.2 கிலோ சிலிண்டரை விற்பனைச் சமையலுக்குப் பயன்படுத்துவது விதிமீறல். வணிக சிலிண்டர் 19 கிலோவில் வருகிறது, அதை வாங்குங்கள்.

எண்ணெய் வடிய, பொட்டலம் கட்ட, செய்தித்தாள் வேண்டவே வேண்டாம். அச்சு மை சூட்டிலும் எண்ணெயிலும் பலகாரத்தில் ஒட்டும். தமிழ்நாட்டில் 2019 ஜனவரி 1 முதல் பிளாஸ்டிக் கைப்பைகளுக்கும் தடை இருக்கிறது. நம் பக்கத்துப் பனையோலைக் கொட்டானில் வைத்துக் கொடுத்தால் பார்க்கவே லட்சணமாக இருக்கும், பின்னியவர்களுக்கும் வேலை கிடைக்கும். ஆனால் கொட்டான் காற்றை அடைக்காது. உள்ளே மூடிய உறையில் பலகாரம், வெளியே கொட்டான் என்று வைத்தால்தான் மொறுமொறுப்பு நிற்கும்.

ஒவ்வொரு டப்பாவிலும் பெயர், செய்த தேதி, எடை, என்னென்ன சேர்ந்தது என்று ஒரு சீட்டு ஒட்டுங்கள். வேர்க்கடலை, எள், பால், நெய், மைதா இருந்தால் பெரிதாகவே எழுதுங்கள். மணகோலத்தில் வேர்க்கடலை இருப்பது செய்தவருக்குத் தெரியும், சென்னையில் இருந்து வந்திருக்கும் பேரப்பிள்ளையின் அம்மாவுக்குத் தெரியாது. ஒவ்வாமை உள்ள குழந்தைக்கு ஒரு துண்டு போதும்.

பெரிய வீடு ஒன்றைக் கேட்டு வாங்கி நடத்துபவர்கள் மேசையை வளவைச் சுற்றி, அதாவது நடு முற்றத்தைச் சுற்றிப் போடுகிறார்கள். வெளிச்சம் நன்றாக இருக்கும், படம் அழகாக வரும். ஐப்பசி மழை பிடித்தால் திறந்த வளவில் இருந்து சாரல் நேராக டப்பா மேல் அடிக்கும். மேசைகளை முகப்பிலோ பட்டாலை என்கிற கூடத்திலோ உள்தள்ளிப் போடுங்கள். பணியாரம் சுடும் அடுப்பையும் வழுவழுப்பான ஆத்தங்குடிக் கல் பதித்த தளத்தில் வைக்காதீர்கள். எண்ணெய் ஒரு சொட்டு சிந்தினாலும் வயதானவர்கள் வழுக்கி விழுவார்கள். அடுப்பு பின்கட்டில் இருக்கட்டும்.

ஐந்தொகை எடுக்காமல் கலைவது

பேரேடும், வரவு செலவை முடித்துக் காட்டும் ஐந்தொகையும் எழுதியே பர்மாவிலும் மலாயாவிலும் தொழில் நடத்திய ஊர்கள் இவை. கல்யாண வீட்டில் சாமான் ஒவ்வொன்றும் ஏட்டில் ஏறும். அந்தப் பழக்கம் பலகார மேசைக்கும் வர வேண்டும். ஒருவருடைய சொந்தக் கைப்பேசிக்கே எல்லா ஜிபே பணமும் போய், அதில் அவருடைய வீட்டு வரவும் கலந்தால், நாணயமானவருக்கே பிறகு கணக்குச் சொல்ல முடியாமல் தர்மசங்கடமாகிவிடும். இதற்கென்று தனிக் கணக்கு, தனிக் க்யூஆர் அட்டை வையுங்கள். ரொக்கத்துக்கு ஒரு நோட்டு, அதை இரண்டு பேர் எழுதட்டும். சில்லறை முந்தின நாளே மாற்றி வையுங்கள்.

எத்தனை டப்பா வந்தது, எத்தனை விற்றது, எது மிஞ்சியது, எது உடைந்தது என்று அன்று மாலையே உட்கார்ந்து எழுதுங்கள். மிஞ்சியதை அங்கேயே பங்கு போட்டு எடுத்துப் போவதா, முதியோர் இல்லத்துக்குக் கொடுப்பதா என்பதையும் முன்பே பேசி வைத்திருந்தால் கடைசி நேர மனக்கசப்பு இருக்காது. உழைத்தவர்களுக்குரிய பணத்தைத் தீபாவளி கழிந்து கொடுக்கலாம் என்று தள்ளிப்போடாதீர்கள். துணியும் வெடியும் வாங்குவது தீபாவளிக்கு முன்னால்தான். அதற்காகவே விற்பனையைப் பண்டிகைக்கு நாலைந்து நாள் முந்தி, ஞாயிற்றுக்கிழமையாகப் பார்த்து வைத்துவிடுங்கள்.