மரச்சீனி இல்லாமல் மாட்டிறைச்சி: மாவு சேர்க்காத கெட்டியான காய்கறி சூப்

எங்கள் கன்னியாகுமரி மாவட்டத்தின் விளவங்கோடு, கல்குளம் பக்கம் மாட்டிறைச்சி வாங்கினால் கையோடு மரச்சீனிக் கிழங்கும் (மரவள்ளி) வாங்கிவருவார்கள். திருவிதாங்கூரை 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மன்னர் இந்தக் கிழங்கைப் பயிரிட ஊக்குவித்தார். 1956இல் நாங்கள் தமிழ்நாட்டோடு சேர்ந்த பிறகும் மசித்த மரச்சீனியும் இறைச்சிக் குழம்பும் ஞாயிற்றுக்கிழமையை விட்டுப் போகவில்லை. மாவுச்சத்தைக் குறைக்கும்படி மருத்துவர் சொன்ன வீடுகளில் சிக்கல் இங்கேதான் தொடங்குகிறது. இறைச்சிக்குத் தடையில்லை, கிழங்குக்குத் தடை. அப்படியானால் அந்தக் குழம்பை எதனோடு சாப்பிடுவது?

அம்மாவுக்குச் சர்க்கரை அளவு ஏறியபோது எங்கள் வீட்டிலும் இந்தக் கேள்வி வந்தது. பல வாரங்கள் மாற்றி மாற்றிச் செய்து பார்த்து நிலைத்ததுதான் இந்த சூப். ஒரு பெரிய கிண்ணம் சாப்பிட்டால் இராச்சாப்பாடு முடிந்தது; வேறெதுவும் தேட வேண்டாம்.

முதலில் கணக்கு. 100 கிராம் பச்சை மரச்சீனியில் ஏறத்தாழ 38 கிராம் மாவுச்சத்து இருக்கிறது, உருளைக்கிழங்கில் 17. கேரட்டில் 10, முட்டைகோஸில் 6, தடியங்காயில் (நீர்ப்பூசணி) 3 அல்லது 4 கிராம்தான். இறைச்சியில் மாவுச்சத்து இல்லை என்றே சொல்லலாம். கீழே சொல்லும் அளவில் செய்து நான்கு பேர் பகிர்ந்தால் ஒருவருக்கு 15 முதல் 20 கிராம் வரும், நார்ச்சத்தும் அதற்குள் அடக்கம். 200 கிராம் மரச்சீனி மட்டுமே 75 கிராமைத் தாண்டிவிடும்.

கிழங்கை நீக்குவது எளிது. கிழங்கு தரும் நிறைவை எங்கிருந்து கொண்டுவருவது என்பதுதான் கேள்வி. கடையில் விற்கும் சூப் பொடிகள் சோளமாவைக் கரைத்துக் கெட்டியாக்குகின்றன. மாவில்லாமல் கெட்டியாக வேண்டுமென்றால் எலும்பை ஒட்டிய சவ்வும் முருங்கைக்காயின் சதையும் போதும். இந்த இரண்டையும் பொறுமையாகக் கையாண்டால் சூப் தானே அமைந்துவிடும்.

வாங்க வேண்டியவை

எலும்போடு கூடிய முன்னங்கால் சதை முக்கால் கிலோ. அதோடு குறுக்கே வெட்டிய நல்லி எலும்பு இரண்டு துண்டு. கடைக்காரர் பின்தொடையின் மென்மையான சதையைத்தான் எடுத்துக் காட்டுவார். அது வறுவலுக்கு நன்றாக இருக்கும், சூப்பில் நார் நாராகி வறண்டுபோகும். கால் சதைக்குள் வெள்ளை வெள்ளையாக ஓடும் சவ்வைக் கேட்டு வாங்குங்கள். கேரள எல்லையின் இரு பக்கமும் மாட்டிறைச்சி என்று விற்பதில் எருமை இறைச்சியும் நிறைய உண்டு. கொழுப்பு வெண்மையாகவும் சதை அடர்ந்த சிவப்பாகவும் இருந்தால் எருமை. கொழுப்பில் மஞ்சள் ஓடினால் பசு அல்லது காளை. இரண்டிலும் சூப் வரும். எருமைக்குக் கூடுதலாக அரை மணி நேரம் ஒதுக்குங்கள்.

காய்களில் தடியங்காய் 300 கிராம், முட்டைகோஸ் 200 கிராம், பீன்ஸ் 100 கிராம், முருங்கைக்காய் இரண்டு, தக்காளி இரண்டு, நிறத்துக்காகப் பாதி கேரட், ஒரு கை முருங்கைக்கீரை. தடியங்காய் கிடைக்காத நாளில் சௌசௌ போடலாம். மசாலாவுக்குச் சின்ன உள்ளி (சின்ன வெங்காயம்) எட்டு, பூண்டு எட்டுப் பல், இரண்டு விரற்கடை இஞ்சி, நல்லமிளகு இரண்டு தேக்கரண்டி, பெருஞ்சீரகம் ஒரு தேக்கரண்டி, பட்டை ஒரு துண்டு, கிராம்பு இரண்டு, மஞ்சள்தூள், கறிவேப்பிலை, தேங்காய் எண்ணெய், உப்பு. கிராம்பை இரண்டோடு நிறுத்திக்கொள்ளுங்கள். புவிசார் குறியீடு பெற்ற எங்கள் மலைக் கிராம்பு வாசனையில் மிக வலியது. மூன்றாவது விழுந்தால் சூப்பில் வேறெதுவும் மணக்காது.

இறைச்சியைச் சிவக்க வைப்பது

இந்த ஒரு படிக்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன். சூப்பின் ருசியில் பாதி இங்கே உருவாகிறது. புதிதாகச் செய்பவர்களில் பெரும்பாலோருக்குச் சட்டியில் சிவக்கும் சத்தம் கேட்பதற்குப் பதில் தண்ணீர் பொங்கி இறைச்சி சாம்பல் நிறமாகிவிடும். காரணம் ஈரம். தண்ணீர் 100 டிகிரிக்கு மேல் ஏறாது, சதை பழுப்பாகி மணம் கிளம்பச் சுமார் 140 டிகிரி வேண்டும். சட்டியில் ஒரு கரண்டித் தண்ணீர் நின்றாலும் அந்தச் சூடு இறைச்சிக்குப் போய்ச் சேராது.

அதனால் இப்படிச் செய்யுங்கள். கழுவிய இறைச்சியைப் பெரிய துண்டுகளாக வெட்டி, கண்வடிகட்டியில் போட்டு, மூடாமல் ஒரு மணி நேரம் குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். வெளியே எடுத்ததும் பருத்தித் துணியால் ஒவ்வொரு துண்டையும் ஒற்றி எடுங்கள். உப்போ மஞ்சளோ இப்போது வேண்டாம். உப்பு பட்டதும் சதை மறுபடியும் நீர் விடும்.

அடி கனத்த இரும்புச் சட்டியை நன்றாகக் காயவைத்து இரண்டு மேசைக்கரண்டி தேங்காய் எண்ணெய் ஊற்றுங்கள். எண்ணெய் மெல்ல அலைபாயும்போது துண்டுகளை ஒன்றோடொன்று தொடாமல் அடுக்குங்கள். முக்கால் கிலோவையும் ஒரே தடவையில் கொட்டினால் சட்டி குளிர்ந்து தண்ணீர் கசியும், ஆகவே மூன்று தவணையாகப் போடுங்கள். போட்ட பிறகு கிளறக் கூடாது. மூன்று நான்கு நிமிடம் கை கட்டிக்கொண்டு நின்றால் துண்டு தானாகவே அடியை விட்டு விலகும். இழுத்தும் வரவில்லை என்றால் அது இன்னும் சிவக்கவில்லை. திருப்பி மறுபக்கமும் அதேபோல. எலும்புத் துண்டுகளையும் சிவக்க விடுங்கள்.

ஒட்டாத பூச்சுள்ள சட்டியை இதற்குப் பயன்படுத்தாதீர்கள். அந்தப் பூச்சு இவ்வளவு சூட்டைத் தாங்கக்கூடியது இல்லை. அடியில் ஒட்டும் பழுப்பும் அதில் சேராது, நமக்கு வேண்டியதே அந்தப் பழுப்புதான். எல்லாத் துண்டுகளையும் எடுத்த பிறகு, நசுக்கிய உள்ளி ஐந்து, பூண்டு, இஞ்சி, பட்டை, கிராம்பு, பெருஞ்சீரகத்தை அதே எண்ணெயில் வதக்கி ஒரு தம்ளர் தண்ணீர் ஊற்றுங்கள். மரக்கரண்டியால் அடியைச் சுரண்டிச் சுரண்டிக் கரையுங்கள். ஒரு பொட்டுப் பழுப்பும் சட்டியில் தங்கக் கூடாது.

வேகவிடுவது

எல்லாவற்றையும் ஆழமான எவர்சில்வர் பாத்திரத்துக்கோ மண்சட்டிக்கோ மாற்றுங்கள். பின்னால் தக்காளி சேர்க்கப் போகிறோம், அதன் புளிப்பு இரும்புச் சட்டியின் எண்ணெய்ப் படலத்தை அரித்துவிடும். மண்சட்டி சூட்டைச் சீராக வைத்திருக்கும் என்பதால் என் விருப்பம் அதுதான். இரண்டு லிட்டர் தண்ணீர், மஞ்சள், ஒரு தேக்கரண்டி உப்பு. கொதி வந்ததும் மேலே சேரும் நுரையைக் கரண்டியால் அள்ளிக் கொட்டிவிட்டு, தீயைக் குறையுங்கள். ஓரத்தில் ஒன்றிரண்டு குமிழி வந்துபோகும் அளவே போதும். புரண்டு கொதித்தால் கொழுப்பு தண்ணீரோடு கலந்து சூப் கலங்கிவிடும், சதையும் இறுகும்.

இரண்டரை மணி நேரம் ஆகும், சில இறைச்சிக்கு மூன்று. சவ்வு இந்தச் சூட்டில் மெல்ல மெல்லக் கரைந்து பசையாக மாறிக்கொண்டிருக்கிறது, அவசரப்படுத்த வழியில்லை. கத்தி நுனி தடையில்லாமல் இறங்க வேண்டும். வெள்ளைச் சவ்வு கண்ணாடிபோல் தெளிந்திருக்க வேண்டும். இரண்டும் ஆனால்தான் வெந்தது என்று பொருள்.

காய்கள் சேரும் வரிசை

முதலில் முருங்கைக்காயும் பீன்ஸும். பதினைந்து நிமிடத்தில் முருங்கைக்காயை மட்டும் எடுத்துப் பிளந்து, கரண்டியால் உள்சதையை வழித்து விதையோடு சூப்பில் திரும்பப் போட்டு, சக்கையை எறிந்துவிடுங்கள். சூப் அடர்த்தியாவதைக் கண்ணெதிரே பார்க்கலாம். அடுத்து தடியங்காய், கேரட், பெரிதாக நறுக்கிய முட்டைகோஸ். தடியங்காயைச் சற்றுப் பெரிய துண்டுகளாகவே விடுங்கள். கிழங்கு தேடும் வாய்க்கு அதுதான் ஆறுதல். எட்டு முதல் பத்து நிமிடம் கழித்துத் தக்காளி. புளிப்பு முன்னாலேயே சேர்ந்துவிட்டால் காய்கள் வேக மறுக்கும். தக்காளிக்கு ஐந்து நிமிடம் போதும். தீயை அணைத்ததும் கீரையைத் தூவி மூடிவிடுங்கள்.

மிளகை இந்த நேரத்தில்தான் அம்மியில் உடைக்க வேண்டும். பொடித்து வைத்த மிளகில் காரம் இருக்கும், மணம் போயிருக்கும். மீதி உள்ளியை மெலிதாக அரிந்து கறிவேப்பிலையோடு ஒரு தேக்கரண்டி தேங்காய் எண்ணெயில் பொன்னிறமாகத் தாளித்து, உடைத்த மிளகையும் சேர்த்து மேலே கொட்டுங்கள். உப்பைச் சுவைத்துச் சரிசெய்துவிட்டுப் பரிமாறலாம்.

மிஞ்சிய சூப்பைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் மறுநாள் காலையில் குலுங்கும் கட்டியாக உறைந்திருக்கும். கெட்டுவிட்டதோ என்று அஞ்ச வேண்டாம். சவ்வு சரியாகக் கரைந்ததற்கு அதுதான் அடையாளம். சூடாக்கினால் இளகிவிடும். மேலே வெள்ளைத் தகடாக நிற்கும் கொழுப்பு அதிகம் என்று தோன்றினால் அப்படியே பெயர்த்து எடுத்துவிடலாம்.

பின்சேர்க்கை: செய்து பார்த்தவர்கள் கேட்டவை

குக்கரில் செய்யலாமா என்பதுதான் அதிகம் பேர் கேட்டது. செய்யலாம், சிவக்க வைக்கும் படியை மட்டும் விட்டுவிடாதீர்கள். தண்ணீரை ஒன்றேகால் லிட்டராகக் குறைத்து, முதல் விசிலுக்குப் பிறகு சிறு தீயில் 40 நிமிடம், ஆவி தானாக அடங்கும்வரை காத்திருக்க வேண்டும். விசில் எண்ணுவதை விட்டுக் கடிகாரத்தைப் பாருங்கள். ஒவ்வொரு குக்கரும் ஒவ்வொரு வேகத்தில் விசில் அடிக்கும். மீதித் தண்ணீரைத் திறந்த பிறகு கொதிக்க வைத்து ஊற்றி, காய்களைத் திறந்த பாத்திரத்திலேயே வேகவிடுங்கள். நேரம் மிச்சம் என்பது உண்மை, ஆனால் சூப் சற்றுக் கலங்கலாக வரும்.

கேரள எல்லையிலுள்ள களியக்காவிளைக்கு அந்தப் பக்கமிருந்து எழுதிய ஒருவர் தேங்காய்ப்பால் சேர்க்கலாமா என்று கேட்டிருந்தார். கெட்டியான முதல் பால் அரைக் கிண்ணம், தீயை அணைத்த பிறகு. மாவுச்சத்து பெரிதாகக் கூடாது. தக்காளியை அன்று ஒன்றாகக் குறைத்துக்கொள்ளுங்கள், இல்லையென்றால் பால் திரியக்கூடும்.

சர்க்கரைக்கு மாத்திரையோ இன்சுலினோ எடுப்பவர்களுக்கு ஒரு வேண்டுகோள். மாவுச்சத்தைத் திடீரென்று குறைத்துவிட்டு மருந்தைப் பழைய அளவிலேயே தொடர்ந்தால் சர்க்கரை ஆபத்தான அளவுக்கு இறங்கலாம். மருத்துவரிடம் சொல்லிவிட்டுத் தொடங்குங்கள். சிறுநீரகக் கோளாறோ யூரிக் அமிலத் தொல்லையோ இருப்பவர்கள் இறைச்சிச் சாற்றை எவ்வளவு எடுக்கலாம் என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்வது அவசியம்.

ஆட்டிறைச்சியிலும் இதே முறைதான். கால் எலும்பு வாங்கி, திறந்த பாத்திரத்தில் ஒன்றரை மணி நேரம் கழித்துப் பதம் பாருங்கள். கோழியில் இந்தப் பசை இவ்வளவு இறங்காது; கழுத்தும் காலும் சேர்த்துப் போட்டால் ஓரளவு வரும்.