புரோநோட்டில் இருப்பது உங்கள் கையெழுத்தே இல்லை என்றால்

வாங்காத கடனுக்குப் புரோநோட்டு வழக்குப் போட்டு, சம்மனும் வந்துவிட்டது. ஆத்திரத்தில் எதிராளி வீட்டு வாசலில் போய் நிற்பதெல்லாம் வேண்டாம். சம்மன் கைக்கு வந்த 30 நாளுக்குள் எதிருரை, அதாவது உங்கள் தரப்புப் பதிலை எழுத்தில், போட வேண்டும், தக்க காரணம் சொன்னால் 90 நாள் வரை கிடைக்கும். சம்மனில் ஆர்டர் 37 (உரிமையியல் நடைமுறைச் சட்டத்தில் சுருக்கமான விசாரணைக்கான பகுதி) என்று இருந்தால் 10 நாளுக்குள் ஆஜராகி, பிறகு வழக்காடவே தனியாக அனுமதி கேட்க வேண்டியிருக்கும். எதுவும் செய்யாமல் விட்டால் எக்ஸ்பார்ட்டி தீர்ப்புதான், அதாவது உங்களைக் கேட்காமலேயே தீர்ப்பு.

வக்கீலிடம் போனதும் உண்மையைச் சொல்லுங்கள். நான் கையெழுத்தே போடவில்லை என்பது ஒரு வழக்கு, சீட்டு எடுத்தபோது செக்யூரிட்டிக்காக நிரப்பாத புரோநோட்டில் போட்டுக் கொடுத்தேன் என்பது வேறு வழக்கு. இரண்டாவதுதான் நடந்தது என்றால் கையெழுத்தை மறுக்காதீர்கள். ஒப்புக்கொண்டால் பணம் கைமாறியது என்று மாற்றுமுறை ஆவணச் சட்டம் 118-ஆவது பிரிவின்படி கோர்ட் அனுமானிக்கும், அதை உடைக்கிற வேலை உங்கள் தலையில் விழும், உண்மைதான். ஆனால் பொய்யாக மறுத்துவிட்டு, கையெழுத்து நிபுணரின் அறிக்கையில் அது உங்கள் கையெழுத்து என்று வந்தால் அதற்குப் பிறகு நீங்கள் சொல்லும் எதையும் யாரும் நம்பப் போவதில்லை.

உண்மையிலேயே போலி என்றால் எதிருரையில் பட்டென்று எழுதச் சொல்லுங்கள். வாதியின் ஆவணங்கள் உண்மையல்ல என்கிற பொத்தாம் பொதுவான வரி போதாது, இன்ன தேதியிட்ட புரோநோட்டில் உள்ள கையெழுத்து என்னுடையதல்ல, அன்று பணம் எதுவும் பெறவில்லை என்று இருக்க வேண்டும். பின்பக்கத்தையும் பாருங்கள். வழக்குப் போடுவதற்கான 3 வருடக் காலக்கெடு தாண்டாமலிருக்க, கொஞ்சம் பணம் கட்டியதாக அங்கே ஒரு வரவு எழுதி அதிலும் உங்கள் பெயரில் கையெழுத்து இருக்கலாம். அதையும் தனியாக மறுக்க வேண்டும்.

நீங்கள் மறுத்துவிட்டால் கையெழுத்தை நிரூபிக்கும் பாரம் வாதியுடையது. அவர் எழுதியவரையும் சாட்சிக் கையெழுத்துப் போட்டவரையும் கூண்டில் ஏற்றுவார். எந்த இடத்தில் எழுதியது, பணம் எத்தனை ரூபாய் நோட்டாக இருந்தது, யார் முதலில் கையெழுத்துப் போட்டது என்று குறுக்கு விசாரணையில் ஒவ்வொருவரிடமும் தனித்தனியாகக் கேட்டால், சொல்லிக்கொடுத்து வந்த சாட்சிகள் பெரும்பாலும் இங்கேதான் முரண்படுவார்கள்.

அடுத்தது நிபுணர் ஒப்பீடு. விசாரணை தொடங்குவதற்கு முன்பே அதற்கு ஐ.ஏ. (வழக்கின் நடுவே போடும் இடைமனு) போட்டுவிடுங்கள், வாதம் முடியும் நேரத்தில் போட்டால் இழுத்தடிக்கிறார் என்று தள்ளுபடி ஆகலாம். ஒப்பிடுவதற்கு, புரோநோட்டுத் தேதியை ஒட்டிய காலத்தில், தகராறு வருவதற்கு முன் நீங்கள் போட்ட கையெழுத்துகள் வேண்டும். வக்காலத்திலும் எதிருரையிலும் இருப்பது உதவாது, வழக்கு வந்த பிறகு வேண்டுமென்றே மாற்றிப் போட்டிருக்கலாம் அல்லவா. பேங்கில் கணக்குத் தொடங்கிய படிவம், அந்த வருடம் பாஸான செக், கிரயப் பத்திரம், இன்சூரன்ஸ் படிவம், சம்பளப் பதிவேடு என்று தேடுங்கள். உங்களிடம் இல்லாததைக் கோர்ட் மூலம் வரவழைக்கலாம். எல்லாம் அசலாக இருக்க வேண்டும். ஜெராக்ஸில் பேனா எங்கே அழுந்தியது, எங்கே தூக்கி மறுபடி வைத்தது, பார்த்து வரைந்தவரின் கை எங்கே தயங்கி நடுங்கியது என்பதெல்லாம் சரியாகத் தெரியாது.

தமிழ்நாட்டில் இவை பெரும்பாலும் சென்னை மயிலாப்பூரில் உள்ள தடய அறிவியல் துறைக்குப் போகும். கையெழுத்துக்குப் பதில் கைரேகை என்றால் இன்னும் நல்லது, ரேகை தெளிவாக விழுந்திருந்தால் முடிவு உறுதியாகவே வரும். மையின் வயதைக் கண்டுபிடிக்கச் சொல்லி மனு போடுவதில் எனக்கு நம்பிக்கை இல்லை, அதற்கு உறுதியான வழி இல்லையென்று சென்னை உயர்நீதிமன்றமே அப்படிப்பட்ட மனுக்களை நிராகரித்திருக்கிறது.

அறிக்கை எதிராக வந்தால் அத்தோடு முடிந்தது என்று நினைக்காதீர்கள். அது நிபுணரின் கருத்துதான். ஆட்சேபணை தாக்கல் செய்து, அவரையே சாட்சியாக அழைத்து, எத்தனை மாதிரிகளைப் பார்த்தார், அவை எந்த வருடத்தவை, கண்ட வேறுபாடுகளை ஏன் விட்டுவிட்டார் என்று உங்கள் வக்கீல் கேட்கலாம்.