தடுப்புக் காவலில் ஒருவர்: உறவினரும் இளம் சட்டத்தரணிகளும் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் கீழ் ஒருவரைக் கொண்டுபோனால் சட்டத்தரணியைப் பிடிக்க வேண்டும் என்பது கொழும்பில் எல்லோருக்கும் தெரியும். அதைச் சொல்ல இதை எழுதவில்லை. எங்கள் காலத்தவர் சறுக்கிய அதே இடங்களில் இன்றைய இளையவர்களும் சறுக்குவதைப் பார்த்துக்கொண்டு பேசாமல் இருக்க முடியவில்லை.

ஒரு மாதத்தைக் கடிதம் எழுதியே தொலைப்பது

என்னை இன்றுவரை கொதிக்க வைக்கும் தவறு இது. சட்டவிரோதக் கைது, சித்திரவதை போன்ற அடிப்படை உரிமை மீறலுக்கு அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரைப்படி உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம். ஆனால் ஒரு மாதத்துக்குள் போக வேண்டும்.

புதுக்கடையில் ஒரு தாயார் என்னிடம் கோவை ஒன்றை நீட்டினார். ஜனாதிபதி, அமைச்சர்கள், பாராளுமன்ற உறுப்பினர்கள், மதத் தலைவர்கள் என்று எல்லோருக்கும் எழுதிய கடிதங்களின் பிரதிகள். ஒவ்வொன்றிலும் பதிவுத் தபால் பற்றுச்சீட்டைக் குத்தி, திகதி வாரியாக அடுக்கியிருந்தார். நீதிமன்றத்துக்கென்று ஒரு தாள்கூட இல்லை. "வழக்குப் போட்டால் அவர்களுக்குக் கோபம் வரும், பொறுங்கள், விட்டுவிடுவார்கள்" என்று யாரோ பெரியவர் சொன்னாராம். கூட வந்த இளம் சட்டத்தரணியும் அதற்குத் தலையாட்டியிருக்கிறார். அந்தத் தலையாட்டலைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை. தாய்க்குச் சட்டம் தெரியாது. இவருக்குத் தெரியும்.

அடைபட்டிருப்பவரால் சட்டத்தரணியை அணுக முடியாதிருந்தால் தாமதத்தை நீதிமன்றம் பொறுத்துக்கொண்டதுண்டு. அதை நம்பி நாட்களைக் கழிக்காதீர்கள். அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறையிட்டால், 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவுப்படி, அங்கு விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது. முறைப்பாடு கொடுத்தது மட்டும் போதாது, விசாரணை நடப்பதற்குச் சான்று வேண்டும் என்று உயர் நீதிமன்றம் சில தீர்ப்புகளில் கூறியிருக்கிறது. ஆகவே ஆணைக்குழுவிலிருந்து வரும் ஒவ்வொரு கடிதத்தையும் பத்திரப்படுத்துங்கள்.

மாதம் கடந்துவிட்டதா? மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனு, அதாவது அடைத்து வைத்திருப்பவரை நீதிமன்றத்தின் முன் கொண்டுவரக் கோரும் மனு, போடலாம். அதற்கு இந்த ஒரு மாத வரம்பு கிடையாது.

"காசு தாருங்கள், ஆளை வெளியே எடுத்துத் தருகிறேன்"

ஒரு சதமும் கொடுக்காதீர்கள்.

வாசிக்க முடியாத தாளில் கையொப்பம்

சாதாரண வழக்கில் பொலிஸாரிடம் கொடுத்த குற்ற ஒப்புதல் சாட்சியமாகாது. பயங்கரவாதத் தடைச் சட்டத்தின் 16ஆம் பிரிவோ, உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் தரத்துக்குக் குறையாத அதிகாரியிடம் கொடுத்ததை ஏற்கிறது. வற்புறுத்தி வாங்கினார்கள் என்று நிரூபிக்கும் பொறுப்பும் கைதியின் தலையிலேயே விழுகிறது. 1993இல் கைதான நல்லரத்தினம் சிங்கராசா, சிங்களத்தில் தட்டச்சு செய்த வாக்குமூலத்தில் கைநாட்டு வைக்க நிர்ப்பந்திக்கப்பட்டதாகக் கூறினார். அதை வைத்தே 1995இல் 50 ஆண்டுச் சிறை விதிக்கப்பட்டது; மேன்முறையீட்டில் அது 35 ஆண்டானது. அவருடைய உரிமை மீறப்பட்டதாக ஐ.நா. மனித உரிமைகள் குழு 2004இல் முடிவு செய்தும், 2006இல் உயர் நீதிமன்றம் அவர் மனுவை ஏற்கவில்லை. முதல் சந்திப்பில் வீட்டுச் செய்தி பேசுவதற்கு முன், "விளங்காத எதிலும் ஒப்பமிடாதே" என்று சொல்லிவிடுங்கள். ஏற்கெனவே ஒப்பமிட்டிருந்தால் எந்த நாள், யார் முன்னிலையில், மொழிபெயர்ப்பாளர் இருந்தாரா என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

உத்தரவின் பிரதியைக் கேட்காதது

9ஆம் பிரிவின் தடுப்புக் காவல் உத்தரவு ஒரு தடவைக்கு மூன்று மாதத்தைத் தாண்டக்கூடாது. மொத்தம் 18 மாதம் வரை நீடிக்கலாம் என்றிருந்ததை 2022ஆம் ஆண்டுத் திருத்தம் 12 மாதமாகக் குறைத்தது. உத்தரவின் திகதி கையில் இல்லாமல் இதில் எதையும் எண்ண முடியாது.

நீதவான் வரும்போது வாய் திறக்காதது

அதே திருத்தத்தின்படி நீதவான் மாதம் ஒரு முறையாவது தடுப்பிடத்துக்கு வர வேண்டும். பயத்தில் பலர் "பிரச்சினை இல்லை" என்று சொல்லிவிடுகிறார்கள். காயம் இருந்தால் அப்போதே காட்டச் சொல்லுங்கள். சட்ட வைத்திய அதிகாரியிடம் அனுப்ப நீதவானுக்கு அதிகாரம் உண்டு.