வளைந்த வெளியில் நாடு கட்டும்போது செய்யக்கூடாத தவறுகள்

வேலூரில் என்னிடம் கணக்கு படிக்க வரும் பிள்ளைகளில் சிலர் மாயக்கதை எழுதுகிறவர்கள். “சார், என் கதையில வர்ற நாட்டுல இடமே வளைஞ்சிருக்கும்” என்று ஆரம்பிக்கும்போதே எனக்கு உற்சாகம் வந்துவிடும். ஆனால் பெரும்பாலும் ஒரே இடங்களில்தான் வழுக்குகிறார்கள்.

முதல் தவறு, சுருட்டியதை எல்லாம் வளைந்தது என்று நினைப்பது. நாட்டைக் குழாய் மாதிரி சுருட்டிவிட்டு ‘வளைந்த வெளி’ என்று எழுதுவார்கள். காகிதத்தைச் சுருட்டிப் பாருங்கள். அதில் வரைந்த முக்கோணத்தின் மூன்று கோணங்களையும் கூட்டினால் அப்போதும் 180 டிகிரிதான். உள்ளே வாழும் எறும்புக்கு எந்த மாற்றமும் தெரியாது. நீளம் மாறாமல் மடக்கினால் உள்வளைவு, அதாவது உள்ளே இருந்தபடியே அளந்தறியக்கூடிய வளைவு, மாறாது என்று ஜெர்மன் கணித மேதை காஸ் 1827-இல் நிறுவினார்.

இதை எனக்குக் கையில் பிடித்துக் காட்டியவர் ராணிப்பேட்டையில் ஷூ வேலை செய்த என் சித்தப்பா. தட்டையான தோலை லாஸ்ட் என்கிற கால் அச்சின் மேல் இழுத்துப் பிடிப்பார். விரல் நுனிப் பக்கம் உருண்டை. அங்கே தோல் மிஞ்சி, ஓரமெல்லாம் சுருக்கம் சுருக்கமாக எழும். கணுக்காலுக்கு முன்னால் பாதம் மேலே திரும்பும் இடம் குதிரைச் சேணம் மாதிரி; அங்கே தோல் போதாது, நனைத்து இழுத்தால்தான் படியும். “இங்க மிச்சம், அங்க பத்தாதுடா” என்பார். வளைவின் இரண்டு வகையும் அதற்குள் அடக்கம். உருண்டையில் வட்டத்தின் சுற்றளவு நாம் பள்ளியில் படித்ததைவிடக் குறைவு, சேணத்தில் அதிகம். உங்கள் நாடு எந்த வகை என்று முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள். பாதிக் கதையில் நேர்க்கோடுகள் உருண்டையில் போல ஒன்றையொன்று நெருங்குவதும் மீதிக் கதையில் சேணத்தில் போல விலகுவதுமாக இருந்தால், எங்கே, ஏன் மாறுகிறது என்று வாசகருக்குத் தெரிய வேண்டும்.

அடுத்தது, எனக்கு அதிகம் வலிக்கிற தவறு: எண் இல்லாமல் எழுதுவது. வளைவுக்கு ஓர் ஆரம் உண்டு; அது பெரிதாக இருந்தால் வளைவு குறைவு. நம் பூமிக்கு அது 6,371 கி.மீ. அதனால்தான் வேலூர், சென்னை, திருவண்ணாமலை மூன்றையும் இணைத்துச் சுமார் 4,700 சதுர கி.மீ. முக்கோணம் போட்டாலும், கோணங்களின் கூட்டல் 180-ஐத் தாண்டுவது ஒரு டிகிரியில் 150-இல் ஒரு பங்குதான்.

இப்போது கதைக்கு வருவோம். சேண வகை வெளி, வளைவு ஆரம் 10 கி.மீ., நடுவில் வேலூர்க் கோட்டை என்று வைத்துக்கொள்வோம். கோட்டையிலிருந்து எல்லாத் திசையிலும் 60 கி.மீ. தூரம் நாடு. தட்டை வெளியில் இதன் பரப்பு சுமார் 11,300 சதுர கி.மீ. இங்கேயோ ஏறக்குறைய 1,26,000. தமிழ்நாடே கிட்டத்தட்ட அடங்கிவிடும்! எல்லையின் நீளம் சுமார் 12,700 கி.மீ.; இந்தியாவின் நில எல்லையே 15,000 கி.மீ. அளவுதான். ஒரு மாணவர் இப்படிப்பட்ட நாட்டை எதிரிப்படை ஒரே இரவில் சூழ்ந்ததாக எழுதியிருந்தார். எத்தனை லட்சம் வீரர் வந்தாலும் நடக்காது. கணக்கு கடினமில்லை. தூரத்தை வளைவு ஆரத்தால் வகுத்து, கால்குலேட்டரில் ‘ஹைப்’ பொத்தானோடு சைன் அழுத்தி, வருவதை வளைவு ஆரத்தாலும் 2 பையாலும் (2π) பெருக்கினால் சுற்றளவு. 60-க்கு மேல் ஒவ்வொரு 10 கி.மீ.க்கும் அது ஏறக்குறைய 2.7 மடங்காகும்.

எண் தெரிந்துவிட்டால் இன்னொரு தவறும் தானாக விலகும். கதவு நெளிகிறது, கை கோணலாகிறது என்று எழுதத் தோன்றாது. கோட்டை சுமார் 133 ஏக்கர். இந்த வெளியில் அவ்வளவு பெரிய நாற்கரத்தின் நான்கு கோணங்களையும் கூட்டினால் 360-இல் 0.3 டிகிரிதான் குறையும். கொத்தனாரின் மூலைமட்டத்துக்கே பிடிபடாது. வீட்டுக்குள் எல்லாம் நம் வீடு மாதிரியேதான் இருக்கும், விசித்திரமெல்லாம் தொலைவில்தான். 60 கி.மீ.க்கு அப்பால் ஒரு கி.மீ. அகல மலை, தட்டை வெளியில் நிலவைப் போல இரண்டு மடங்கு அகலமாகத் தெரியும். இங்கே நிலவின் அகலத்தில் ஏறக்குறைய பதினெட்டில் ஒரு பங்குதான் தேறும்.

வரைபடத்தையும் மறந்துவிடாதீர்கள். வளைந்த வெளியில் ஒரு முக்கோணத்தைக் கோணம் மாறாமல் பெரிதாக்கவே முடியாது. ஆகவே ‘ஒரு அங்குலத்துக்கு ஒரு காதம்’ என்று அரசவைச் சுவரில் நாட்டின் அச்சு அசலான படத்தைத் தொங்கவிட வேண்டாம்.

அப்புறம், வழி தவறுவது. ஒரு டிகிரி பிசகிப் புறப்பட்ட தூதன் 60 கி.மீ. நேராக நடந்தால், நம் உலகில் போய்ச்சேர வேண்டிய ஊரிலிருந்து ஒரு கி.மீ. தள்ளி நிற்பான். அங்கே ஏறக்குறைய 27 கி.மீ. தள்ளி நிற்பான். இந்தக் கணக்கைப் போட்டுக் காட்டியதும், படை சூழ்ந்ததாக எழுதிய அதே மாணவர் அந்த அத்தியாயத்தை எடுத்துவிட்டார். இப்போது அவர் கதையில் போர் இல்லை. ஒவ்வொரு சாலையிலும் கண்ணுக்கெட்டும் தூரத்துக்கு ஒரு கல் நட்டிருக்கிறார்கள். அந்தக் கல்லைப் பிடுங்குவதுதான் அந்த நாட்டில் மிகப் பெரிய குற்றம்.