வஸுகா தேயிலை மலையும் ஜோருரிஜி கோயிலும்: தனி வழிகாட்டியோடு ஒரு நாள், படிப்படியாக

கியோட்டோ நகருக்குத் தெற்கே, நாரா எல்லைக்கு அருகிலுள்ள மலைகளுக்குள் இருக்கிறது வஸுகா. நாலாயிரம் பேர்கூட இல்லாத ஊர். உஜி தேநீர் என்ற பெயரில் உலகெங்கும் விற்கும் கியோட்டோ பச்சைத் தேயிலையில் ஏறத்தாழ 40 சதவீதம் இங்கேதான் விளைகிறது. அங்கிருந்து காரில் முக்கால் மணிக்குள் தோனோ என்ற மலைக்கிராமப் பகுதி வந்துவிடும். 900 ஆண்டுப் பழைய ஜோருரிஜி கோயில் அங்கேதான். இரண்டையும் ஒரே நாளில், அவசரமில்லாமல் பார்க்கலாம். ஆனால் ஏற்பாட்டைச் சரியான வரிசையில் செய்ய வேண்டும். பலர் முதலில் வழிகாட்டியைப் பிடித்துவிட்டு அப்புறம் தேதியைப் பார்க்கிறார்கள். இந்தப் பயணத்தில் தேதிதான் முதலில்.

1. தேதியை முடிவு செய்யுங்கள்

ஜப்பானியர் வசந்தத் தொடக்க நாளிலிருந்து 88 நாள் எண்ணுவார்கள். அது மே 1 அல்லது 2-இல் வரும். முதல் கொழுந்துக்கு அதுவே மரபான கணக்கு. வஸுகா மலைப்பகுதி என்பதால் மே மாதத்தின் முதல் மூன்று வாரங்கள்தான் அங்கே பறிப்பு மும்முரம். ஏப்ரல் 29 முதல் மே 5 வரை ஜப்பானில் தொடர் விடுமுறை, ரயிலும் சாலையும் நிரம்பி வழியும். அதைத் தள்ளிவிடுங்கள்.

இப்போது கோயில் பக்கம் பாருங்கள். ஜோருரிஜியில் கிச்சிஜோதென் சிலை இருக்கிறது. நம் திருமகள்தான், பௌத்தத்தோடு கிழக்கே போய் அங்கே இந்தப் பெயர் பெற்றாள். 1212-இல் கோயிலுக்கு வந்த மரச்சிலை. பேழைக்குள்ளேயே காலம் கழித்ததால் வண்ணம் இன்னும் உயிரோடு இருக்கிறது. ஆண்டு முழுக்கத் திறந்து வைப்பதில்லை. ஜனவரி 1–15, மார்ச் 21–மே 20, அக்டோபர் 1–நவம்பர் 30, இவ்வளவுதான். அதே கோயிலின் மூன்றடுக்குக் கோபுரத்துக்குள் இருக்கும் மருத்துவ புத்தரை, வானம் தெளிவாக இருந்தால், மாதந்தோறும் 8-ஆம் தேதி காட்டுவார்கள்.

ஆக மே 6 முதல் 20 வரை போனால் கொழுந்தும் திருமகளும் சேர்ந்து கிடைக்கும். மே 8 அமைந்தால் மூன்றும் கிடைக்கும். அந்த மாதம் முடியாவிட்டால் அக்டோபர், நவம்பர் நல்லது. கொழுந்துப் பறிப்பு இருக்காது, ஆனால் தோட்டம் எப்போதும் பச்சைதான். ஜூன் முதல் வாரத்திலிருந்து ஜூலை மூன்றாம் வாரம் வரை மழைக்காலம். முதல் முறை போகிறவர்களுக்கு அதைச் சொல்லமாட்டோம்.

2. எந்த வழிகாட்டி

ஜப்பானில் வழிகாட்டிக்கென்று தேசிய அளவில் தேர்வும் உரிமமும் உண்டு. 2018 முதல் உரிமம் இல்லாதவர்களும் கட்டணம் வாங்கி வழிகாட்டலாம் என்று சட்டம் மாறிவிட்டது. அதனால் உரிமம் இருக்கிறதா என்பதை நீங்கள்தான் கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். உரிமம் உள்ளவர்கள் அட்டை வைத்திருப்பார்கள், கேட்டால் தவறாக எடுத்துக்கொள்ள மாட்டார்கள்.

உரிமத்தைவிட முக்கியமான கேள்வி ஒன்று உண்டு: "வஸுகாவில் உங்களுக்குத் தெரிந்த தேயிலை விவசாயி யாராவது இருக்கிறாரா? முன்கூட்டியே அவரிடம் பேசி வைப்பீர்களா?" கியோட்டோ கோயில்களின் வரலாற்றைத் தலைகீழாகச் சொல்லக்கூடியவருக்கும் இந்த மலையில் ஒருவரையும் தெரியாமல் இருக்கலாம். அப்படிப்பட்டவரோடு போனால் சாலையோரம் நின்று படம் எடுத்துவிட்டுத் திரும்ப வேண்டியதுதான். தோட்டங்கள் எல்லாம் தனியார் நிலம், வேலிகூட இருக்காது. உள்ளே கால் வைக்க விவசாயியின் சம்மதம் வேண்டும். அந்தச் சம்மதத்தை வாங்கித் தருவதற்குத்தான் நீங்கள் வழிகாட்டிக்குப் பணம் கொடுக்கிறீர்கள்.

எட்டு மணி நேரத்துக்கு ஏறத்தாழ 30,000 முதல் 50,000 யென் வரை கேட்பது வழக்கம். பெரும்பாலும் ஆளுக்கு இவ்வளவு என்று இராது, குழுவுக்கு மொத்தமாகத்தான். வழிகாட்டியின் ரயில் கட்டணம், நுழைவுச்சீட்டு, மதியச் சாப்பாடு ஆகியவை இதில் சேருமா, தனியா என்று எழுத்தில் கேட்டு வையுங்கள். கடைசி நேரத்தில் மனக்கசப்பு வருவது இங்கேதான். டிப்ஸ் கொடுக்கும் பழக்கம் அங்கே இல்லை.

முதல் கடிதத்திலேயே இவை இருக்கட்டும்: தேதியும் மாற்றுத் தேதியும், எத்தனை பேர், வயது, ஒரு மணி நேரம் மலைப்பாதையில் நடக்க முடியுமா, உணவுக் கட்டுப்பாடு, தங்கும் ஊர், "வஸுகா தோட்டம், கான்சென்ஜி கோயில், ஜோருரிஜி கோயில், இவை மட்டும் போதும்" என்ற வரி. அந்தக் கடைசி வரி இல்லையென்றால் உஜி நகரின் பியோதோயின் கோயிலையும் நாரா மான்களையும் சேர்த்து ஒரு திட்டம் வரும். பியோதோயின் அருமையான இடம், அதன் பெரிய மண்டபம் 1053-இல் கட்டியது. ஆனால் அதன் மண்டபத்துக்குள் போகத் தனிச்சீட்டு எடுத்துக் காத்திருக்க வேண்டும். அதற்கு வேறொரு நாள் ஒதுக்குங்கள்.

இரண்டு மாதம் முன்பே எழுதுங்கள். மே என்றால் மூன்று மாதம்.

3. வண்டி

இங்கே ஏமாந்துவிடாதீர்கள். ஜப்பானில் காசு வாங்கி ஆள் ஏற்ற வணிக அனுமதி வேண்டும். அந்த அனுமதி உள்ள கார்களுக்குப் பச்சை நிற நம்பர் பிளேட்டில் வெள்ளை எழுத்து. வழிகாட்டி தன் சொந்தக் காரில், வெள்ளைப் பிளேட்டோடு வந்து "நானே ஓட்டுகிறேன், மலிவாக முடியும்" என்றால் வேண்டாம் என்று சொல்லிவிடுங்கள். ஓட்டுவதற்குக் காசு வாங்கினால் சட்டப்படி அது தவறு, விபத்து நேர்ந்தால் காப்பீட்டிலும் சிக்கல் வரலாம். உள்ளூர் டாக்சியை மணிக்கணக்கில் அமர்த்தச் சொல்லுங்கள். நான்கு பேர் பகிர்ந்தால் கையைக் கடிக்காது.

சந்திக்கும் இடம் ஜே.ஆர். காமோ ரயில் நிலையம். நாராவிலிருந்து கால் மணி. ஒசாகாவிலிருந்து நேர் ரயிலில் ஒரு மணிக்குச் சற்று மேல். கியோட்டோவிலிருந்து கிஸுவில் மாறி ஏறத்தாழ ஒரு மணி. நாராவில் தங்கினால் காலையில் நிதானமாகக் கிளம்பலாம். பேருந்தில் போகவும் வழி உண்டு. காமோவிலிருந்து வஸுகாவுக்கும், இன்னொரு தடத்தில் தோனோவுக்கும் ஓடுகிறது. ஆனால் மணிக்கு ஒன்று என்ற அளவில்தான். ஒன்றைத் தவறவிட்டால் அந்த நாளின் கணக்கே குலைந்துவிடும். பேருந்தில் போவதானால் இரண்டில் ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள்.

4. முந்தின நாள் இரவு

வாசனை வேண்டாம். சென்ட், மணக்கும் கிரீம், வாசனைத் தைலம் எதுவும் மறுநாள் காலை பூசாதீர்கள். தேயிலை சுற்றியிருக்கும் மணத்தை உறிஞ்சிக்கொள்ளும். கொழுந்தைத் தொடப்போகும் கையில் மல்லிகை மணம் இருந்தால் விவசாயி வாய்விட்டுச் சொல்லமாட்டார், ஆனால் வரிசைக்குள் அழைத்துப் போகவும் மாட்டார். வெயிலுக்குத் தொப்பியும் முழுக்கைச் சட்டையும் போதும்.

காலணி கழற்றிப் போட எளிதாகவும், சரிவில் வழுக்காமலும் இருக்கட்டும். காலுறையில் ஓட்டை இல்லையா பாருங்கள், கோயிலில் மரத்தரையில் காலுறையோடுதான் நடக்க வேண்டும். ரொக்கமாக ஆளுக்கு 10,000 யென், அதில் 100 யென் நாணயங்கள் பத்தாவது இருக்கட்டும். குப்பைக்கு ஒரு பை, வழியில் குப்பைத்தொட்டி கிடையாது.

சைவச் சாப்பாட்டுக்காரர்களுக்கு ஒரு எச்சரிக்கை. தேயிலைத்தூள் சேர்த்த சா-சோபா நூடுல்ஸ் அங்கே பிரபலம். பார்க்கச் சைவம்தான், ஆனால் தொட்டுக்கொள்ளும் சாற்றில் காய்ந்த சூரை மீன் ஊறியிருக்கும். கடையில் வாங்கும் சோற்று உருண்டையிலும் மீன்சாறு கலந்திருக்கலாம். "கட்சுஓ தாஷி மோ தபெராரெமாசென்" என்றால் "மீன்சாறும் சாப்பிட முடியாது" என்று பொருள். வழிகாட்டி இதை ஒரு வாரம் முன்பே உணவகத்துக்குச் சொல்லியிருக்க வேண்டும். உறுதி கிடைக்கவில்லையா, கட்டுச்சோறு கொண்டு போய்விடுங்கள்.

5. காலை 9 மணி: தோட்டம்

காமோவிலிருந்து நேராக வஸுகா. முதலில் இஷிதெரா என்ற பகுதி. மலைச்சரிவு முழுக்க வரிசை வரிசையாகச் சீவிவிட்ட தேயிலை, அடிவாரத்தில் வீடுகள். நேரம் இருந்தால் ஹராயமா பகுதியும். காமோவின் கைஜூசென்ஜி கோயிலைச் சேர்ந்த ஜிஷின் என்ற துறவி, 13-ஆம் நூற்றாண்டில் மியோஏ துறவியிடம் விதை வாங்கி வந்து அந்தப் பக்கத்தில்தான் நட்டார் என்பது ஊர் மரபு. கோயிலும் தேயிலையும் ஒரே நாள் பயணத்தில் சேர்வதற்கு அதைவிட நல்ல காரணம் வேண்டியதில்லை. போகும் வழியில் தேயிலை சூழ்ந்த ஒரு மேடு தெரியும். 744-இல் இறந்த இளவரசர் அசாகாவின் கல்லறை அது.

வரிசைக்குள் இறங்கியதும் இவற்றைக் கவனியுங்கள், வழிகாட்டியிடம் கேளுங்கள்.

செடியின் மேற்பகுதி ஏன் வில்போல வளைந்திருக்கிறது? இருவர் இருபுறமும் பிடித்து நடக்கும் அறுவை எந்திரத்தின் கத்தி அந்த வளைவில்தான் இருக்கும். கம்பத்தின் உச்சியில் மின்விசிறி எதற்கு? வசந்தகால இரவுகளில் தரையோரம் குளிர்ந்து உறைபனி விழும், மேலே காற்று சற்று வெதுவெதுப்பாக இருக்கும். அதைக் கீழே தள்ளித் தளிரைக் காப்பாற்றத்தான். சில வரிசைகள் கறுப்புத் துணிக்குள் இருக்கும், அது மாச்சா என்ற பச்சைத் தேயிலைப் பொடிக்கான இலை. அறுவடைக்கு முன் மூன்று வாரம்போல நிழலில் வைத்தால் இனிப்பும் குழைவும் தரும் தியானின் என்ற பொருள் இலையில் குறையாமல் தங்கும், துவர்ப்பு ஏறாது. அந்தத் துணியைத் தூக்கிப் பார்க்காதீர்கள்.

கையால் பறிக்க அனுமதித்தால், நீலகிரியிலும் இலங்கை மலையகத்திலும் சொல்லும் அதே கணக்குதான்: ஒரு மொட்டு, இரண்டு இலை. நகத்தால் கிள்ளினால் வெட்டுவாய் கறுத்துவிடும். விரல்களுக்கு நடுவே தண்டைப் பிடித்து மடக்கி ஒடியுங்கள். நம் பக்கத்துத் தேயிலையிலிருந்து வழி பிரிவது அதற்கப்புறம்தான். நாம் கொழுந்தை வாடவிட்டு, உருட்டி, நொதிக்க வைத்துக் கறுப்பாக்குகிறோம். இவர்கள் அன்றைக்கே, அரை நிமிடம் முதல் ஒரு நிமிடம் வரை ஆவியில் காட்டி அந்த மாற்றத்தை நிறுத்திவிடுகிறார்கள். ஆலைக்குள் நுழைந்தால் வெந்த கீரை மணம் வருவது அதனால்தான்.

மழை பெய்தால் பறிப்பு நிற்கும். ஈர இலையை ஆவி காட்டினால் தரம் கெடும். அன்றைக்குத் திட்டத்தில் உள்ள ஒரு மணி நேரத் தேநீர் போடும் பயிற்சியை இரண்டு மணி நேரமாக நீட்டச் சொல்லுங்கள். சுவையின் வேறுபாடு தண்ணீரின் சூட்டில் இருக்கிறது. சென்சா எனும் வழக்கமான பச்சைத் தேநீருக்கு 5 கிராம் இலை, 200 மில்லி நீர், 70–80 பாகை செல்சியஸ், ஒரு நிமிடம். நிழலில் வளர்த்த உயர்தரக் கியோகுரோவுக்கு 50–60 பாகை, இரண்டு நிமிடம். வறுத்த இலையான ஹோஜிச்சாவுக்குக் கொதிநீரே ஊற்றலாம், அரை நிமிடம். கொதிக்கக் கொதிக்கச் சென்சாவில் ஊற்றிவிட்டுக் கசக்கிறது என்பதுதான் நம்மவர்கள் வழக்கமாகச் செய்யும் பிழை.

6. மதியம் 1.30: கோயில்கள்

முதலில் கான்சென்ஜி, அப்புறம் ஜோருரிஜி. திருப்பிப் போட்டால் ஏற்றத்தில் நடக்க வேண்டியிருக்கும். கான்சென்ஜியில் 946-இல் செய்த அமிதா புத்தரையும், 1442-இல் கட்டிய செந்நிறக் கோபுரத்தையும் பார்த்துவிட்டுக் காரை ஜோருரிஜிக்கு அனுப்பிவிடுங்கள். நீங்கள் காட்டுப்பாதையில் இறங்குங்கள். தூரம் 2 கிலோமீட்டருக்குள்தான், நின்று பார்த்துப் போனால் ஒரு மணி நேரம். பாறைகளில் புத்தர்கள் செதுக்கியிருக்கிறார்கள். 1299-இல் செதுக்கிய ‘சிரிக்கும் புத்தர்’ முன்னால் கட்டாயம் நில்லுங்கள். வழியில் ஆளில்லாக் கடைகளில் காயும் ஊறுகாயும் பையில் தொங்கும். பெட்டியில் 100 யென் போட்டுவிட்டு எடுத்துக்கொள்ளலாம், நாணயம் அதற்குத்தான். பாதை ஈரமாக இருந்தால் பாசி வழுக்கும், முழங்கால் வலி உள்ளவர்கள் காரிலேயே போகட்டும். அவர்களுக்குக் கான்சென்ஜிக்கும் இந்த நடைக்கும் பதிலாகக் கைஜூசென்ஜி நல்ல மாற்று. 1214-இல் கட்டிய ஐந்தடுக்குக் கோபுரம், 18 மீட்டர்கூட இல்லாத சிறிய அழகு. ஒரே நாளில் மூன்று கோயில் வேண்டாம், மூன்றாவதைக் கடிகாரத்தைப் பார்த்தபடிதான் பார்ப்பீர்கள்.

ஜோருரிஜிக்கு 3.30-க்குள் வந்துவிடுங்கள். மார்ச் முதல் நவம்பர் வரை 5 மணிக்கு மூடுவார்கள், கடைசி நுழைவு அதற்கு அரை மணி முன்பு. குளிர்காலத்தில் 4 மணிக்கே மூடிவிடுவார்கள்.

உள்ளே போனதும் நடுவில் குளம். முதலில் கிழக்குக் கரைக் கோபுரத்தின் முன் நின்று வணங்கி, அங்கேயே திரும்பிக் குளத்துக்கு அப்பால் மேற்கே பாருங்கள். நீளமான மண்டபம், 1107-இல் எழுந்தது. கிழக்கே நோய் தீர்க்கும் புத்தரின் உலகம், மேற்கே அமிதாவின் சொர்க்கம், நடுவே நீர். இந்த அமைப்பு புரிந்த பிறகு உள்ளே போங்கள். ஒன்பது அமிதா புத்தர்கள் ஒரே வரிசையில் அமர்ந்திருக்கிறார்கள். சொர்க்கத்தில் பிறப்பதற்கு ஒன்பது படிநிலை, அதனால் ஒன்பது உருவம். அந்தக் காலத்தில் இப்படிப் பல மண்டபங்கள் எழுந்தன, சிலைகளோடு எஞ்சியது இது ஒன்றுதான்.

வாசற்படியை மிதிக்காமல் தாண்டுங்கள். உள்ளே படம் எடுக்கக் கூடாது. வழிகாட்டி சொல்ல வேண்டியதை எல்லாம் குளக்கரையிலேயே அவரைச் சொல்லிவிடச் சொல்லுங்கள், மண்டபத்துக்குள் பேச்சு வேண்டாம். கண் இருட்டுக்குப் பழக ஐந்து நிமிடம் பிடிக்கும், அதுவரை நகராதீர்கள். திருமகளைப் பார்க்க மறந்துவிடாதீர்கள்.

7. வாங்கிய தேயிலை

தோட்டத்தில் 80 அல்லது 100 கிராம் பைகளாக வாங்குங்கள், பெரிய பை வேண்டாம். பிரித்ததும் காற்றும் ஈரமும் பட்டு மணம் போகத் தொடங்கும், ஒரு மாதத்துக்குள் குடித்துத் தீர்க்க வேண்டும். பிரிக்காத பைகளை ஊர் வந்ததும் குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். எடுத்தவுடன் பிரிக்காதீர்கள், அறைச் சூட்டுக்கு வரும்வரை அரை நாள் வெளியே இருக்கட்டும். சில்லிட்ட இலைமேல் நம் ஊர்க் காற்றின் ஈரம் படிந்தால், மலையேறிப் போய் வாங்கி வந்த மணம் அன்றைக்கே போய்விடும்.