செண்பகம் வைக்கப் போகிறவர்கள் முதலில் மண்ணைப் பாருங்கள்

குற்றாலத்துச் செண்பகாதேவி அருவியின் பெயரிலேயே இருக்கிற நம் செண்பகம், உலகம் முழுக்க மேக்னோலியா என்று கொண்டாடுகிற இனத்தைச் சேர்ந்தது. 1753இல் தாவரவியலாளர் லின்னேயஸ் இதற்கு மிக்கேலியா என்று தனிப்பெயர் வைத்தார், பின்னாளில் மேக்னோலியாவிலேயே சேர்த்துவிட்டார்கள். இந்தக் குடும்பத்துக்கு 9 கோடி ஆண்டுகளுக்கு மேல் வயது. ஒரு பூவைக் கையில் எடுத்துப் பாருங்கள், புல்லி வேறு அல்லி வேறு என்று பிரிக்க முடியாது, எல்லா இதழும் ஒரே மாதிரி. நடுவில் சின்னக் கதிர் போல நிற்கும் சூலகம் கெட்டியாக இருக்கும். மகரந்தம் தின்ன வருகிற வண்டுகளை நம்பி வளர்ந்த பூ, அவை கடித்தாலும் தாங்க வேண்டுமே.

சரி, நடுவதற்கு வருவோம். செண்பகத்தின் வேர் சதைப்பிடிப்பானது, அறுந்தால் லேசில் ஆறாது, தண்ணீர் தேங்கினால் அழுகிவிடும். கரிசலில் நான் வைத்த முதல் கன்று ஐப்பசி மழையில் அப்படித்தான் போனது, இலை வாடியபோது தண்ணீர் போதவில்லை என்று நினைத்து இன்னும் ஊற்றினேன். கரிசல்காரர்கள் செம்மண்ணும் மணலும் மக்கிய எருவும் கலந்து, ஒன்றரை அடி உயரத்துக்கு மேடு கட்டி அதில் நடுங்கள். செம்மண் என்றால் இரண்டடிக் குழி போதும். ஒட்டுக்கன்று என்றால், ஒட்டுப் போட்ட இடம் மண்ணுக்கு மேலே இருக்கட்டும். நிரந்தர இடத்தை முதலிலேயே முடிவு செய்துவிடுங்கள், அப்புறம் பிடுங்கி மாற்றி நடவே கூடாது. தென்காசிப் பக்கம் ஆனி, ஆடிக் காற்று கன்றை ஆட்டி வேரை அசைக்கும், கம்பு ஊன்றிக் கட்டுங்கள்.

மூட்டில் மம்பட்டி போடாதீர்கள், வேர் மேலாகத்தான் ஓடும். களையைக் கையால் பிடுங்கிவிட்டு, தண்டைத் தொடாமல் சருகு பரப்பினால் சித்திரை வெயிலிலும் ஈரம் நிற்கும். நரம்பு பச்சையாக இருக்க இலை மட்டும் மஞ்சளித்தால் பெரும்பாலும் சுண்ணாம்பு கூடின போர் தண்ணீர்தான் காரணம், மழைத்தண்ணீரோ ஆற்றுத்தண்ணீரோ ஊற்றிப் பாருங்கள்.

விதை போடுகிறவர்கள் மேலே இருக்கும் சிவப்புச் சதையைத் தேய்த்துக் கழுவி உடனே விதையுங்கள், எடுத்து வைத்தால் முளைக்காது. விதைக்கன்று பூக்கப் பல வருஷம் ஆகும், ஒட்டுக்கன்று இரண்டு மூன்று வருஷத்தில் பூத்துவிடும். இலையில் பச்சைப் புழு தெரிந்தால் மருந்தடிக்காதீர்கள், கறுப்பில் பச்சைப் புள்ளி போட்ட வண்ணத்துப்பூச்சியின் பிள்ளையாக இருக்கலாம். நாலு இலை போனால் போகட்டும்.